மூன்றாவது நாற்காலி

ஆலையில் அவளுக்குப் பட்டப்பெயர் மீட்டரம்மா. கருவிகளைச் சரிபார்ப்பது அவள் வேலை. எது கெட்டாலும் பழி முதலில் மீட்டர் தலையில் விழும், அடுத்தது அவள் தலையில். அவளும் லேசில் விடுகிறவள் அல்ல. கல்யாணமான புதிதிலேயே மாமியார், "இவகிட்ட வாய் குடுத்து மீள முடியாது" என்று கும்பிடு போட்டுவிட்டார்.

அன்று காலை பாய்லர் இரண்டாம் முறையாகத் தானே அணைந்தது. உள்ளே தண்ணீர் இறங்கினால் மட்டம் பார்க்கும் மீட்டர் சொல்லும், வால்வு திறந்து தண்ணீர் ஏறும். அப்படியும் ஏறாமல் எல்லைக்குக் கீழே போனால் நெருப்பு அணைந்துவிடும். வற்றிய பாய்லரில் நெருப்பு எரிந்தால் வெடித்துவிடும் அல்லவா! அதை ஓட்டுகிறவன் அவள் கணவன்.

மேற்பார்வையாளர் வேர்க்க விறுவிறுக்க வந்தார். "உன் மீட்டர் பொய் சொல்லுதும்மா. ஜம்பரைப் போடு, ஓடட்டும்."

அந்த ஆலையில் சகல நோய்க்கும் மருந்து ஜம்பர்தான். இருமுனையிலும் கிளிப் வைத்த ஒரு துண்டு ஒயர். மாட்டிவிட்டால் தண்ணீர் எவ்வளவு வற்றினாலும் நெருப்பு அணையாது.

அவள் பாய்லரின் கண்ணாடிக் குழாயைப் பார்த்தாள். அதிலும் தண்ணீர் அடியில்தான் கிடந்தது.

"மீட்டர் சரியாத்தான் சொல்லுது சார். வால்வு சிக்கியிருக்கு, கழட்டணும்."

"அரைநாள் போயிடும். உன்னால முடியலைன்னா சொல்லு, வேற ஆள் பாத்துக்கறேன்."

கணவன் அவள் காதருகே வந்தான். "ஒரு ஷிப்டுதானே, போட்டுடேன். நான் பாத்துக்கறேன். வேலை போயிடும்டி."

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "என்னத்தைப் பாத்துப்பீங்க? வெடிச்சா முதல்ல போறது நீங்கதான்!"

இரண்டு நாற்காலிகளைத் தரதரவென்று இழுத்து வந்து பாய்லர் முன்னால் போட்டாள். ஒன்றில் உட்கார்ந்துகொண்டு ஜம்பரை நீட்டினாள்.

"நீங்களே மாட்டுங்க சார். நெருப்பு எரியற வரைக்கும் நானும் என் வீட்டுக்காரரும் இங்கயே உக்காந்திருக்கோம்."

கணவன் காலி நாற்காலியையே பார்த்தான். உட்காரவில்லை. விறுவிறுவென்று மேற்பார்வையாளர் அறைக்குப் போய், அவருடைய மெத்தை நாற்காலியைத் தூக்கி வந்து நடுவில் வைத்தான்.

"நீங்களும் உக்காருங்க சார்."

அவர் நாற்காலியைப் பார்த்தார், பாய்லரைப் பார்த்தார். பிறகு சுவரைப் பார்த்துச் சொன்னார், "வால்வைக் கழட்டுங்க."

அவள் ஜம்பரை இரண்டாக வெட்டிக் குப்பையில் போட்டுவிட்டு ஸ்பேனரை எடுத்தாள்.