அக்காவின் ஆரமும் தம்பிக்குப் போட்ட கையெழுத்தும்

எங்கள் அக்கா பள்ளிகொண்டாவில் மூத்த மகளாகப் பிறந்து, ஆம்பூருக்கு வாழ்க்கைப்பட்டு, ஷூ கம்பெனியில் தையல் மிஷினோடு மல்லுக்கட்டி, சென்ற ஆண்டு எங்களை விட்டுப் பிரிந்தார். மாமா முன்பே காலமாகிவிட்டார். பிள்ளைகள் இல்லாத அக்கா, எங்கள் தம்பியைத்தான் பெற்ற பிள்ளையாக நினைத்திருந்தார். அக்காவின் இந்த நினைவு மலரில் நல்லதை மட்டும் எழுதச் சொன்னார்கள் உறவினர்கள். நல்லதைத்தான் எழுதுகிறேன். நடுவில் பிறந்தவளின் வயிற்றெரிச்சலும் கொஞ்சம் கலந்து வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அம்மா போட்ட ஆரம் ஒன்று அக்காவிடம் இருந்தது. "உம் பொண்ணு கல்யாணத்துக்கு இதான்டி என் சீரு" என்று எனக்கு வாக்குக் கொடுத்திருந்தார். மாமாவின் வைத்தியத்துக்காக அதை வங்கியில் அடகு வைத்தார். மாமா போன பிறகும் ஓவர்டைம் பார்த்து, வாய்க்கு ருசியாக ஒன்றும் வாங்கித் தின்னாமல், அந்தக் கடனை முழுதாகக் கட்டினார். என் மகளுக்கு முகூர்த்தம் குறித்ததும் ஆரத்தை வாங்க இருவரும் வங்கிக்குப் போனோம்.

மேலாளர் கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டுத் தயங்கினார். "நகைக் கடன் முடிஞ்சிடுச்சும்மா. ஆனா நகையக் குடுக்க முடியாது. உங்க தம்பி இதே பேங்க்ல வாங்குன லோனுக்கு நீங்க ஜாமீன் போட்டிருக்கீங்க. அவர் கட்டல. அது தீர்ற வரைக்கும் இத பேங்க் புடிச்சி வெச்சிக்கலாம்."

"அது வேற கடன், இது வேற கடன் இல்லீங்களா?" என்று நான் சண்டைக்கே போய்விட்டேன்.

"ரெண்டும் உங்க அக்கா பொறுப்புதானேம்மா. அடகு வெக்கும்போதே, வேற பாக்கி இருந்தாலும் நகைய புடிச்சி வெக்கலாம்னு சம்மதிச்சிதான் கையெழுத்து போட்டிருக்காங்க."

ஷூவின் மேல்பாகம் தைத்துக் கொடுக்கும் பட்டறைக்கு மிஷின் வாங்கத் தம்பி எடுத்த கடன் அது. ஆர்டர் நின்றதும் தவணையும் நின்றது. அக்கா ஜாமீன் போட்டதே எனக்குத் தெரியாது. வங்கி வாசலிலேயே கத்தினேன்.

"இன்னாக்கா இது? எனுக்கு ஒரு வார்த்த சொன்னியா? எப்பவும் உனுக்கு அவன்தான் ஒசத்தி!"

"அவன் ரொம்ப பேஜார்ல இருந்தான்டி. ஆர்டர் வந்தா கட்டிருவான், வா."

ஒரு கண்ணுக்கு வெண்ணெய், ஒரு கண்ணுக்குச் சுண்ணாம்பு! ஆரம் இல்லாமலே கல்யாணம் நடந்தது. அக்கா தம் கை வளையல்களைக் கழற்றி என் மகளுக்குப் போட்டுவிட்டார். எல்லோரும் அக்காவைப் புகழ்ந்தார்கள். நான் தம்பியை முறைத்துக்கொண்டிருந்தேன்.

வேலூர் மருத்துவமனையில், கடைசி நாட்களில், கேட்டேவிட்டேன். "எனுக்குன்னா ஜாமீன் போட்டிருப்பியாக்கா?"

"உனுக்கு எதுக்குடி? நீ நல்லா இருக்கிறவ" என்று சிரித்தார். நல்லா இருப்பது ஒரு குற்றமா என்று அப்போதும் பொருமினேன்.

அக்காவைக் கடைசிவரை கவனித்த செவிலியர்களுக்கும், தோள் கொடுத்த கம்பெனித் தோழிகளுக்கும், தெருவாருக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. தம்பிக்கும் நன்றி. அக்கா சொன்னபடியே கடனைத் தீர்த்து, என்னையும் வங்கிக்கு அழைத்துப் போய், ஆரத்தை வாங்கி என் மகள் கையில் கொடுத்தான். நகை வந்துவிட்டது தம்பி. ஆனால் அக்கா தம்மிடம் இருந்த ஒரே ஆரம் போனாலும் போகட்டும் என்று கையெழுத்துப் போட்டது உனக்காகத்தான். அதை மட்டும் என்னால் பொறுக்க முடியவில்லை.