கேஜுக்குள் நின்ற பிரபு

முந்தாநாள் பெங்களூரில் மகள் வீட்டில் காபி குடித்தபடி போனைத் தள்ளிக்கொண்டிருந்தேன். லண்டன் அரண்மனையில் காலமெல்லாம் சேவகம் செய்த பிரபு ஒருவர் காலமானார் என்று ஒரு செய்தி. படத்தில் சிவப்புக் கோட்டும் தங்கப் பின்னலுமாக, நம்ம ஊர் பேண்டு செட்டில் பெரிய டிரம் அடிப்பவர் மாதிரி நின்றார். அந்த மூக்கை எனக்குத் தெரியும். செத்தவரைக் குறை சொல்லக் கூடாது என்பார்கள். நான் சொல்லப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்த மூக்கை நினைத்தால் எனக்குச் சுண்ணாம்பு வாசனைதான் வருகிறது. தொண்ணூறுகளின் நடுவில் ஒருநாள் கோலார் தங்கவயலில், சாம்பியன் ரீப்ஸில் ரோட்டோரக் கல்லுக்கெல்லாம் வெள்ளை அடித்தார்கள். சுரங்கத் தொழிலாளர்களான எங்கள் லைன் வீடுகளில் ரோட்டைப் பார்த்த சுவருக்கு மட்டும் அடித்தார்கள். யானை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே. லண்டனிலிருந்து பிரபு சுரங்கத்தைப் பார்க்க வருகிறாராம். பிரபுவின் தாத்தா அந்தக் காலத்தில் கோலார் தங்கத்தில் பங்கு வைத்திருந்தவராம். அந்தப் பணத்தில் ஒரு மாளிகை, மாளிகையில் பிறந்த பேரனுக்குக் குதிரை, மீசை முளைக்கும் முன்பே ராணியின் அங்கி நுனியைத் தூக்கிப் பிடிக்கும் பதவி.

வளர்ந்த பிறகு என்ன வேலை என்று விசாரித்தேன். ராணி வரும்போது யார் எங்கே நிற்பது, யார் எப்போது குனிவது என்று பார்த்துக்கொள்வாராம். எங்கள் லைனில் கல்யாணம் என்றால் பந்தி விசாரிக்கும் மாமா ஒருவர் இருந்தார். அவர் அதையே சம்பளம் இல்லாமல் செய்தார், கடைசியில் ரசம் மட்டும் சாப்பிட்டுவிட்டுப் போவார்.

பிரபு வந்த அன்று அப்பா ஆஸ்பத்திரியில் கிடந்தார். ஆயுசெல்லாம் பாறையைத் துளைத்தவர், நெஞ்சு முழுக்கத் தூசு. விடிந்ததிலிருந்து ஒரே கேள்விதான்.

"பெரியவன் வந்துட்டானா?"

அண்ணன் காலை ஷிப்டில் சுரங்கத்துக்குள் இருந்தார். போன் செய்து சொல்லியாயிற்று. அவரும் வேலையைப் போட்டுவிட்டு அடி லெவலில், ஆட்களை மேலே தூக்கும் கேஜுக்காகக் காத்து நின்றார். கேஜ் வரவில்லை. நான் கேஜ் இறங்கும் ஷாஃப்டுக்கு ஓடினேன்.

கேஜ் மேலேயே நின்றது. உள்ளே புதுச் சட்டையும் தொப்பியுமாகப் பிரபு. கீழே இறங்கக் கூடாது என்று அவருடைய டாக்டர் சொல்லியிருந்தாராம், அதனால் படம் மட்டும். போட்டோக்காரர் ரோல் மாற்றிக்கொண்டிருந்தார்.

அப்போதுதான் டைப்பிஸ்ட் வேலைக்குச் சேர்ந்திருந்தேன். என் கான்வென்ட் இங்கிலீஷ் மேல் எனக்குக் கொஞ்சம் திமிர் உண்டு. வெள்ளைக்காரரிடம் நேராகப் பேசினால் காரியம் நடந்துவிடும் என்று எங்கள் ஊரில் எல்லோரையும் போல நானும் நம்பினேன். அப்பா சாகக் கிடக்கிறார், அண்ணன் கீழே நிற்கிறார், தயவுசெய்து கேஜை அனுப்புங்கள் என்று இங்கிலீஷில் சொன்னேன்.

அவர் தொப்பியைக் கழற்றினார். குனிந்து முழுவதையும் கேட்டார். ரொம்ப வருத்தமாக இருக்கிறது என்றார். பிறகு, "உன் இங்கிலீஷ் எவ்வளவு அழகாக இருக்கிறது, எங்கே படித்தாய்?" என்று கேட்டார். பள்ளிக்கூடத்தின் பெயரைச் சொன்னேன். தொப்பியை மாட்டிக்கொண்டு கேமராவைப் பார்த்து நிமிர்ந்தார்.

கேஜ்காரர் என் காதருகே வந்து, "நீ போம்மா, இவங்க முடிச்சிக்கினதும் அனுப்பிடறேன்" என்றார்.

நான் திரும்பியபோது அப்பாவின் முகத்தை மூடியிருந்தார்கள். அண்ணன் அழுக்குச் சட்டையோடு ஓடிவந்து வாசலிலேயே நின்றுவிட்டார்.

"அப்பா இன்னா கேட்டாரு?"

"உன்னத்தான்."

2001இல் சுரங்கத்தை மூடினார்கள். பம்புகள் நின்றதும் லெவல்களில் தண்ணீர் ஏறியது. அண்ணன் காத்து நின்ற இடமும் அதற்குள் போய்விட்டது. ஷிப்டுச் சங்கு ஊதுவதில்லை, ஷாஃப்டு மேல் சக்கரம் சுற்றுவதில்லை. ஊரிகம் ஸ்டேஷனில் பெங்களூர் வண்டிக்கு நிற்கிற பென்ஷன்காரர்கள், "வெள்ளக்காரன் இருந்திருந்தா மூடியிருப்பானா?" என்று இன்னும் கேட்கிறார்கள். நான் வண்டி வருகிறதா என்று எட்டிப் பார்ப்பேன். பதில் சொன்னால் சண்டை வரும்.

நேற்று அண்ணனுக்குப் போன் செய்து விஷயத்தைச் சொன்னேன்.

"சாவறப்போ புள்ளைங்க கூட இருந்தாங்களாமா?"

"எல்லாரும் சுத்தி இருந்தாங்களாம்."

"செரி, அதுவாவது கெடச்சுதே" என்றார்.

எனக்கு அந்த மனசு கிடையாது.