ரிக்கெற் கேட்டுச் சண்டை

ஒப்பந்த ஊழியரான என்னை மானிப்பாயிலிருந்து வல்வெட்டித்துறைக்கு மாற்றினார்கள். வழக்குப் போட்டேன். நீதிமன்றம் இடமாற்றத்துக்குத் தடை விதித்தது.

இருந்தும், நான் தினமும் வேலைக்குப் போனாலும், மானிப்பாய் அலுவலக வரவுப் பதிவேட்டில் என் பெயர் இல்லை. கையெழுத்து இல்லாவிட்டால் சம்பளமும் இல்லை.

"வேலைக்குப் போறதுக்கு ஆதாரம் வேணும். பஸ் ரிக்கெற்றுகளை எறிஞ்சு போடாதேங்கோ" என்றார் என் சட்டத்தரணி.

இன்று காலை பஸ்ஸில் கொண்டக்டரிடம் ரிக்கெற் கேட்டேன்.

"என்ன தங்கச்சி, ஒவ்வொரு நாளும் இதிலைதானே வேலைக்குப் போறியள். உங்களுக்கு ஏன் ரிக்கெற்?"

"எனக்குக் கட்டாயம் வேணும் அண்ணை!"

"ரிக்கெற் புத்தகத்தை வீட்டிலை விட்டிட்டு வந்திட்டன்."

நான் தினமும் வேலைக்குப் போகிறேன் என்று வாய்திறந்து சொன்ன ஒரே மனிதர் இவர்தான்.

இவரைச் சாட்சிக்குக் கூப்பிடலாமா? சட்டம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். நீதிமன்றத்தில் வழக்கின் அடுத்த தவணைக்கும் இதே பஸ்ஸில்தான் போகவேண்டும்.