மடிக்கணினி சொன்ன ‘இல்லை’

தர்க்க நிரலாக்கம் கற்றுக்கொடுப்பது என் தொழில். தெரிந்த உண்மைகளையும் விதிகளையும் எழுதிக் கொடுத்துவிட்டுக் கேள்வி கேட்டால், கணினியே விடை தேடும். வேலூரில் என் மாணவர்களுக்கு உதாரணம் காட்ட, மலைமேல் புதூர்நாட்டில் உள்ள எங்கள் சொந்தபந்தம் முழுவதையும் அதில் ஏற்றி வைத்திருந்தேன். யார் பங்காளி, யார் மாமன் மச்சான் என்று கேட்டால் பட்டென்று சொல்லும். பங்காளி வீட்டில் நாங்கள் பெண் கொடுக்கவும் மாட்டோம், எடுக்கவும் மாட்டோம்; மாமன் மச்சான் வழியில்தான் முறை. எங்கள் மலையில் கல்யாணப் பேச்சே அங்கிருந்துதான் தொடங்கும்.

நான் விரும்பியவர் ஜமுனாமரத்தூரில் பள்ளி ஆசிரியர். ஒரு வருடம் பழகியும் முறை என்னவென்று இருவருமே கேட்டுக்கொள்ளவில்லை. பயம்தான், வேறென்ன! ஒரு நாள் துணிந்து, அவருடைய அப்பா வழியைச் சேர்த்து எழுதி, ‘இவர் எனக்கு முறையா?’ என்று தட்டினேன். ‘இல்லை’ என்றது. “வேண்டாம், மறந்துடுங்க” என்று அவருக்குச் செய்தி அனுப்பினேன். ஃபோனை அணைத்துவிட்டு ஊருக்கு வந்து, அழுதபடி படுத்துக்கொண்டேன்.

மூன்றாம் நாள் காலை ஜீப்பில் வந்து இறங்கினார் மனுஷன். வாசலில் புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்த அம்மாவின் முன்னாலேயே கேட்டார்.

“இன்னா ஆச்சு உனக்கு?”

“கம்ப்யூட்டர்ல போட்டுப் பாத்தேன். நமக்கு மொறை இல்லன்னு வந்துடுச்சு.”

“எங்கம்மா எந்த வகையறான்னு அதுக்குத் தெரியுமா?”

“எனக்கே தெரியாதே.”

“தெரியாதத இல்லன்னு சொன்னா, நீயும் நம்பிடுவியா?”

அட கடவுளே! அது ‘இல்லை’ என்றால், கையிலிருக்கும் தகவலை வைத்து நிரூபிக்க முடியவில்லை என்றுதான் அர்த்தம். நான் நடத்தும் முதல் பாடமே அதுதான். இதைத் தப்பாக எழுதிய பிள்ளைகளுக்கு ஈவிரக்கமில்லாமல் மார்க் குறைத்தவள் நான். வெட்கம் பிடுங்கித் தின்றது.

அம்மாவுக்கு அப்போதுதான் விஷயமே புரிந்தது.

“ரெண்டு நாளா கஞ்சிகூட குடிக்காம படுத்துனு கெடந்தது இதுக்குத்தானா?” என்று என்னைக் கேட்டுவிட்டு அவர் பக்கம் திரும்பினாள். “உங்கம்மா யாரு வூட்டுப் பொண்ணு, தம்பி?”

அவர் சொன்னார். நான் உள்ளே ஓடினேன். மடிக்கணினியைத் திறந்து, அந்த ஒரு வரியைச் சேர்க்கத் தொடங்கினேன். வெளியே அம்மா விரல் விட்டு எண்ணி, யார் யார் பேரையோ முணுமுணுப்பது கேட்டது. பாதி வரி தட்டுவதற்குள் சத்தம் போட்டாள்.

“அடியே, உள்ள இன்னாத்த தட்டினு கீற? மாப்ளைக்குக் காப்பி வை!”