விளம்பரத்தில் நின்ற பெரியப்பா

நடந்தவை, வரிசைப்படி:

1. என் அப்பாவின் அண்ணன், வேலை தேடிக்கொண்டிருந்த நாளில், பாஸ்போர்ட் அளவுப் படம் எடுக்கத் தஞ்சாவூரில் ஒரு ஸ்டூடியோவுக்குப் போனார். ஸ்டூடியோக்காரர் அவருடைய முகவெட்டைப் பார்த்துவிட்டு ஒரு சிகரெட் விளம்பரத்துக்கு நிற்கச் சொன்னார். நின்றார்.
2. அந்தப் படம் கும்பகோணத்திலிருந்து வேதாரண்யம் வரை டீக்கடைத் தகரப் பலகைகளில் ஏறியது.
3. அப்பா புகைக்க ஆரம்பித்தார்.
4. சிகரெட் விளம்பரங்களுக்குத் தடை வந்தது. பலகைகள் ஆட்டுக்கொட்டகைகளுக்குக் கூரையாயின.
5. பெரியப்பா புகையிலை ஒழிப்புப் பேச்சாளர் ஆனார்.
6. அப்பாவின் இடது கால் கட்டைவிரல் கறுக்கத் தொடங்கியது.
7. பெரியப்பாவின் அறுபதாம் கல்யாணத்துக்குத் திருக்கடையூரில் பேனர் வைத்தார்கள்.

நான் மென்பொருளில் பிழை கண்டுபிடிக்கும் வேலை பார்க்கிறேன். சென்னை நிறுவனம்; உட்காருவது எங்கள் ஊர் வீட்டு மாடியில். ஒரு பிழையைப் பதியும்போது நடந்ததை வரிசையாக எழுத வேண்டும், யார்மேலும் பழி போடக் கூடாது என்பது எங்கள் துறை விதி. குடும்ப விஷயத்தில் முதல் பாதியை மட்டுமே கடைப்பிடிக்க முடிகிறது.

பெரியப்பா பேச்சாளரானது தற்செயல். கூட்டுறவுச் சங்கத்தில் வேலை பார்த்துக்கொண்டிருந்தவர், ஒரு பள்ளியில் நடந்த விழிப்புணர்வுக் கூட்டத்துக்குச் சும்மா போய் உட்கார்ந்தார். “இவருதாங்க அந்தப் பலகைல இருந்தவரு” என்று யாரோ காட்டிக்கொடுக்க, மேடைக்கு அழைத்தார்கள். ஏறினார். மன்னிப்புக் கேட்டார். கைதட்டினார்கள். அதன் பிறகு அவர் மேடையைவிட்டு இறங்கவில்லை என்றே சொல்லலாம்.

கூட்டம் நடத்தும் தொண்டு நிறுவனத்தாருக்கு அவரிடம் ஒரே ஒரு குறை. அவர் வாழ்நாளில் ஒரு சிகரெட்டைக்கூடப் பற்றவைத்தது கிடையாது. விளம்பரப் படத்தில் அவர் விரலிடுக்கில் இருந்தது பற்றவைக்காத சிகரெட். முகத்தைச் சுற்றிச் சுருண்ட புகை, மேசைக்கடியில் குந்தியிருந்த ஸ்டூடியோ உதவியாளர் பிடித்த ஊதுபத்திக் கட்டிலிருந்து வந்தது. பாதிக்கப்பட்டவராக அறிமுகப்படுத்த ஆசைப்பட்டவர்களுக்கு ஆரோக்கியமான ஆள் கிடைத்தால் என்ன செய்வார்கள்?

“சார், நடுவுல லேசா இருமினீங்கன்னா நல்லாருக்கும்” என்று ஒருவர் கேட்டுக்கொண்டார். பெரியப்பா இருமப் பழகினார். ‘தமிழ் மக்களே, உங்கள் நுரையீரல்களுக்கு நான் இழைத்த துரோகத்துக்காக’ என்ற இடத்தில் இரண்டு இருமல். அந்த இடத்தில் முன்வரிசைப் பெண்கள் கண்ணைத் துடைப்பதை நானே பார்த்திருக்கிறேன். அவருடைய ஸ்லைடுகளைச் செய்து கொடுப்பது நான்தான். இருமல் வரும் இடத்தில் கறுத்த நுரையீரல் படம் வரும்.

அவருடைய ஒரு கூட்டத்துக்குக்கூட வராதவர் அப்பா. வயலுக்குப் போகும்போது ஒன்று, தண்ணீர் மாற்றிவிட்டு வரப்பில் உட்காரும்போது ஒன்று என்று தன் பாட்டுக்கு ஊதினார். நடக்கும்போது கெண்டைக்கால் இழுக்கிறது என்று ஆரம்பித்தது, கட்டைவிரல் கறுத்ததில் வந்து நின்றது. தஞ்சாவூரில் ரத்தக்குழாய் மருத்துவர் படம் எடுத்துப் பார்த்தார்.

“சிகரெட்ட இன்னியோட விட்டா ஆபரேஷன் பண்ணி காலக் காப்பாத்தப் பாக்கலாம். விடலேன்னா ஆபரேஷன் பண்ணியும் பிரயோஜனம் இல்ல. பாதத்த எடுக்கற மாதிரி ஆயிடும்” என்றார்.

அப்பா தலையாட்டிவிட்டு வெளியே வந்து, ஆஸ்பத்திரி வாசலிலேயே ஒன்றைப் பற்றவைத்தார். விவசாயி. அவருக்கு வரப்பில் நடப்பதுதான் வாழ்க்கை. நான் வாயைத் திறப்பதற்குள், “நீ ஆரம்பிக்காத. அதுக்குத்தான் ஒங்க பெரியப்பா இருக்காரே” என்றார்.

இந்த நிலையில்தான் அறுபதாம் கல்யாணம் வந்தது. திருக்கடையூரில் கோயில் பூஜை, பக்கத்து மண்டபத்தில் சாப்பாடு. பேனர் பொறுப்பைப் பெரியப்பாவின் மாப்பிள்ளை ஏற்றுக்கொண்டார். எனக்கு அத்தான் முறை. சிங்கப்பூரில் இருக்கிறார். அங்கிருந்தே வாட்ஸ்அப்பில் மயிலாடுதுறை ஃபிளெக்ஸ் கடைக்கு ஆர்டர் கொடுத்துவிட்டு, விசேஷத்தன்று காலையில்தான் வந்து இறங்கினார்.

எங்கள் பக்கத்தில் பேனர் இல்லாத விசேஷம் கிடையாது. பேனருக்கு ஒரே விதி: இருப்பதிலேயே கெத்தான படத்தைப் போட வேண்டும். காதுகுத்தானாலும் கண்ணீர் அஞ்சலியானாலும் அதுதான் விதி. அத்தான் விதியை மீறவில்லை. மண்டப வாசலில், வாழைமரங்களுக்கு நடுவே, இரண்டு ஆள் உயரத்துக்கு இளவயதுப் பெரியப்பா ஒற்றைப் புருவத்தைத் தூக்கிக்கொண்டு சிகரெட்டுடன் நின்றார். கீழே ‘புகையில்லா டெல்டாவின் நாயகனே, நீடூழி வாழ்க’ என்று தங்க நிற எழுத்து.

“அத்தான், கையில என்ன இருக்குன்னு பாத்தீங்களா?” என்று கேட்டேன்.

“பாத்தேன்மா. ஃபிளெக்ஸ் கடைக்காரன்கூட எடுத்துடவான்னு கேட்டான். எடுத்தா வெரல் ரெண்டும் சும்மா நிக்கும், அசிங்கமா இருக்கும்னுட்டேன். மாமா வேற எந்தப் படத்துலயும் இப்படி இல்லியே.”

பெரியப்பா கோயிலிலிருந்து மாலையோடு வந்தவர், பார்த்த இடத்திலேயே நின்றுவிட்டார். தொண்டு நிறுவனத்தார் வரும் நேரம். “எடுங்கய்யா அத!” என்றார். பெரியம்மா விடவில்லை. “எடுக்கவாவது! இந்தப் படத்தப் பாத்துத்தான் நானே கட்டிக்கச் சம்மதிச்சேன். நல்ல நாளும் அதுவுமா பேனர இறக்குவாங்களா?” கடைசியில் சிகரெட்டின்மேல் வெள்ளைத் தாள் ஒட்டுவது என்று முடிவாயிற்று. ஒட்டினார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் சிகரெட் இன்னும் பெரிதாகத் தெரிந்தது.

அப்பா அந்தப் பேனருக்கு முன்னால் கொஞ்ச நேரம் நின்றார். “எடுப்பாத்தான் இருந்திருக்காரு” என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

பந்திக்கு முன் வாழ்த்துரை. பெரியப்பாவின் கைக்கு மைக் வந்தது. வந்தால் என்ன ஆகும் என்பது எனக்குத் தெரியும். நன்றி சொன்னார், இருமினார், பிறகு, “இந்த நன்னாளில் என் அருமைத் தம்பி, புகைப்பழக்கத்தை விட்டொழிப்பதாக உங்கள் அனைவர் முன்னிலையிலும் உறுதிமொழி எடுப்பார்” என்று அறிவித்தார். தம்பியிடம் யாரும் கேட்கவில்லை. மண்டபமே திரும்பி அப்பாவைப் பார்த்துக் கைதட்டியது. அப்பா எழுந்தார். மேடையை நோக்கி வருகிறார் என்று மேளக்காரர்கள் கெட்டிமேளம் கொட்டினார்கள். அவர் கொல்லைப்பக்கக் கதவு வழியாக வெளியே போனார்.

பின்னாலேயே போனேன். சமையல் பாத்திரங்கள் கழுவும் இடத்துக்கருகில் நின்று பற்றவைத்துக்கொண்டிருந்தார். எனக்குப் பின்னால் பெரியப்பா வந்தார். அவருக்குப் பின்னால், அவரை எங்கும் விடக் கூடாது என்று அத்தான் சொல்லிவைத்திருந்த வீடியோக்காரர், கதவருகே நின்று கேமராவை நீட்டினார். விசேஷம் சிங்கப்பூருக்கும் துபாய்க்கும் நேரலையாகப் போய்க்கொண்டிருந்தது.

“தம்பி, இதுல என்னென்ன ரசாயனம் இருக்குன்னு தெரியுமா ஒனக்கு…”

“அண்ணே, மைக் உள்ள இருக்கு. இங்க சாதாரணமா பேசுங்க.”

பெரியப்பாவுக்கு அது உடனே வரவில்லை. அடுத்த வாக்கியத்தைத் தேடுவது போல் என்னைப் பார்த்தார். என்னிடம் ஸ்லைடு இல்லை.

“கால் போயிடும்டா.”

“தெரியும்.”

“தெரிஞ்சுமா?”

அப்பா புகையை ஓரமாக விட்டார். “ஊருக்கெல்லாம் மன்னிப்பு கேக்குறீங்க. நாகூர்ல கேட்டீங்க, வேளாங்கண்ணில கேட்டீங்க. படம் எடுத்தப்ப அந்தக் கம்பெனிக்காரன் ஒங்களுக்கு ஒரு அட்டைப்பெட்டி நெறைய பாக்கெட்டு குடுத்தானே, அத என்ன பண்ணீங்க?”

உள்ளே நாகஸ்வரம் வாசித்துக்கொண்டிருந்தார்கள்.

“நான் பிடிக்க மாட்டேன், நீ வச்சுக்கன்னு எங்கிட்ட குடுத்தீங்க. அப்ப எனக்கு மீசகூட மொளைக்கல. அண்ணன் குடுத்துதுன்னு பெருமையா இருந்துச்சு. பலகையப் பாத்து ஆரம்பிச்சவன் எவன்னு எனக்குத் தெரியாது. நான் பலகையப் பாத்து ஆரம்பிக்கல.”

எனக்கு அது வரை தெரியாது. பெரியப்பா மாலையைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். மேடையில் கேட்கும் குரலில் பாதிகூட இல்லை. “குடுத்தேன்டா. குடுத்திருக்கக் கூடாது. ஒன் காலப் பாக்கறப்பல்லாம் அதான் தோணுது. அத ஒங்கிட்டச் சொல்லத்தான் வாய் வரல.” இருமவில்லை.

அப்பா சிகரெட்டைத் தரையில் போட்டு, நல்ல காலால் மிதித்தார். சட்டைப் பையிலிருந்து பாக்கெட்டை எடுத்து நீட்டினார். “அப்ப இந்தாங்க. நீங்களே வச்சுக்குங்க.”

பெரியப்பா மாலையை என்னிடம் கொடுத்துவிட்டு, இரண்டு கையாலும் வாங்கி, பட்டு வேட்டி மடிப்பில் செருகிக்கொண்டார்.

நேரலையில் நாகஸ்வர ஓசைதான் போயிற்று. இவர்கள் பேசியது ஒன்றும் கேட்கவில்லை. உலகம் பார்த்தது இவ்வளவுதான்: புகையில்லா டெல்டாவின் நாயகன், அறுபதாம் கல்யாணத்தன்று, கொல்லைப்பக்கம் ஒளிந்து, தம்பியிடம் சிகரெட் பாக்கெட் வாங்கி மடியில் செருகுகிறார். சாப்பாடு முடிவதற்குள் எல்லா வாட்ஸ்அப் குழுக்களிலும் அது வந்துவிட்டது. தொண்டு நிறுவனத்தார் பாயசத்தோடு எழுந்துகொண்டார்கள். “விளக்கம் கொடுங்கள்” என்று பிறகு செய்தி அனுப்பினார்கள். பெரியப்பா விளக்கம் கொடுக்கவில்லை. தம்பி விஷயம் தம்பியோடு இருக்கட்டும் என்றார்.

இப்போதைய நிலை: அப்பாவுக்கு ஆபரேஷன் நடந்தது. கட்டைவிரலை எடுத்துவிட்டார்கள், பாதம் இருக்கிறது. பாக்கெட்டைக் கொடுத்த அன்றிலிருந்து அவர் புகைக்கவில்லை. எரிச்சல் அதிகமாகியிருக்கிறது, வீட்டில் எல்லோரும் திட்டு வாங்குகிறோம். சம்பா நடவுக்கு வயல்வரை நடந்து போய் வந்தார். பெரியப்பாவை எந்தக் கூட்டத்துக்கும் யாரும் அழைப்பதில்லை.