படத்தில் சேராத சிரிப்பு

நேற்று மதியம் சோற்றில் ரசம் ஊற்றிக்கொண்டிருந்தபோது புதுமடத்திலிருந்து காளியம்மா மதினி போனில் கூப்பிட்டார். "தம்பி, வெரசா டிவியப் போடுங்க. அவுக வாராக." எச்சில் கையோடு ஓடினேன். அதற்குள் சோப்பு விளம்பரம் வந்துவிட்டது.

டிவியில் ஓடிய அந்தப் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். புயலுக்கு மறுநாள் ஒரு மீனவனின் உடல் கரையில் ஒதுங்கிக் கிடக்கும். கதாநாயகி ஓடிவந்து குனிந்து, தன் அப்பா இல்லை என்று தெரிந்ததும் மூச்சு விடுவாள். அவள் தாண்டிப்போகிற அந்த உடல்தான் மதினியின் வீட்டுக்காரர், முனியசாமி அண்ணன். அதற்கு முன்னும் பின்னும் அவர் நடித்ததில்லை.

அந்தப் படப்பிடிப்பில் உள்ளூர் ஆட்களைத் திரட்டிக்கொடுக்கும் வேலை எனக்கு. பாதி நேரம் டீ கேன்தான் தூக்கினேன். வீட்டில் மட்டும் உதவி இயக்குநர் என்று சொல்லிவைத்திருந்தேன். ஈர மணலும் ஜெனரேட்டர் புகையும் கலந்த வாடை எங்கே அடித்தாலும் இன்றும் நினைவில் அந்தக் காலைதான். அண்ணன் மல்லாந்து கிடக்கிறார். அலை கன்னத்தில் ஏறி இறங்குகிறது, இமை அசையவில்லை. இயக்குநர் 'கட்' சொல்லியும் எழவில்லை. தூங்கிவிட்டார்!

"ஏலே முனியசாமி, இம்புட்டு நல்லாச் சாவத் தெரிஞ்சும் இத்தன நாளா எங்கள ஏமாத்திட்டியேலே!" என்று கூட்டாளிகள் கத்தினார்கள்.

சினிமாக்காரர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. செத்தவனாக நடித்தவன் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும்; அதையும் படம்பிடித்துவிட்டால் தோஷம் கழிந்தது. அண்ணனுக்கோ சிரிப்பு வரவில்லை, விறைத்து நின்றார். கூட்டத்துக்குள்ளிருந்து மதினிதான் குரல் கொடுத்தார்: "வீட்டுலயும் இப்பிடித்தான் கெடப்பாக. அதுக்குப் போயி லாரி நெறய லைட்டு கொண்டாந்தீகளாக்கும்!"

அண்ணன் சிரித்துவிட்டார். கேமரா ஓடியது.

சில வருஷம் கழித்து ஒரு வாடைக்காற்றில் அவர் கடலுக்குப் போன வள்ளம் திரும்பவில்லை. உடலும் கிடைக்கவில்லை. வீட்டிலிருந்த ஒரே கல்யாணப் போட்டோவை உப்புக்காற்று வெளுத்துவிட்டது.

"செத்துக் கெடக்கதையே பாத்துப் பாத்து, அவுகள நெனச்சா அந்த மொகந்தான் தம்பி வருது. சிரிச்சத எடுத்தாகள்ல, அத வாங்கித் தாங்களேன்." கொஞ்ச காலமாக மதினி இதைத்தான் கேட்கிறார்.

அன்று கேமராவுக்குப் பின்னால் நின்றவரைச் சென்னையில் தேடிப் பிடித்தேன். "படத்துல சேராத துண்டெல்லாம் அப்பவே எடைக்குப் போயிருக்கும் சார். அந்தப் பிலிம் லேபையே இடிச்சு அபார்ட்மென்ட் கட்டிட்டாங்க."

இதை எந்த வாயால் சொல்வது? நேற்று அதே போனில் சொல்லிவிட்டேன். மறுமுனையில் ஓடிய விளம்பரப் பாட்டின் சத்தத்தை மதினி குறைத்தார்.

"போகட்டும். நீங்க பக்கத்துலதான நின்னீக? எப்பிடிச் சிரிச்சாகன்னு மட்டும் சொல்லுங்க. நானும் எக்கி எக்கித்தான் பாத்தேன், பெரிய குடைய வச்சு மறச்சுப்புட்டாக."

கண்ணை மூடினேன். அண்ணன் மீசையிலிருந்து மணல் உதிர்கிறது. கழுத்தில் ஒட்டிய பாசி தெரிகிறது. வாய் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் வெயில்.

"தம்பி, லைன்ல இருக்கீகளா?" என்றார் மதினி.