அருவிக்கு அளந்த எண்ணெய்

ஆட்களை எனக்கு முகத்தை வைத்துத் தெரியாது, முதுகை வைத்துத்தான் தெரியும். குற்றாலத்தில் எண்ணெய் தேய்க்கிறவன் நான். நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது. கொல்லத்திலிருந்து சீசனுக்குச் சீசன் வந்துகொண்டிருந்த ஒரு வக்கீலுக்கு இடது தோளுக்குக் கீழே கொட்டைப்பாக்கு அளவில் ஒரு முடிச்சு இருக்கும். அவர் முகம் எப்படி என்று கேட்டால் சொல்லத் தெரியாது. அந்த முடிச்சு மட்டும் இன்னும் என் பெருவிரலில் இருக்கிறது. மத்தியானம் கண் அசரும்போது விரல் தானாக அதைத் தேடும்.

சொல்ல வந்தது அவரைப் பற்றி இல்லை. போன மாசியில் ஒரு மனுஷனுடைய ஒரு வருஷ உழைப்பை என் கையாலேயே கெடுக்கப் பார்த்தேன். அதைத்தான் சொல்ல வந்தேன்.

அந்தத் தம்பிக்கு ஊர் வீரகேரளம்புதூர். பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்தவன். மேலகரத்தில் பழைய நெல் கிட்டங்கி ஒன்றை எடுத்து ஜிம் வைத்திருக்கிறான். கண்ணாடி கிடையாது, பாட்டு கிடையாது. இரும்பு, கயிறு, மரப்பெட்டி, தலைக்கு மேலே ஒரு கம்பி. தகரக் கூரையில் ஓட்டை விழுந்த இடங்களில் வெயில் வட்டம் வட்டமாகத் தரையில் இறங்கும். உள்ளே இன்னமும் உமி வாசம். அந்த வட்டங்கள் நகருவதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தாலே எனக்குப் பாதி மயக்கம் வந்துவிடும். புதன்கிழமைதோறும் அவன் காலைப் பிடித்துவிடப் போவேன். மாசியில் அருவிப் பக்கம் ஆள் வராது, எனக்கும் போக ஒரு இடம் வேண்டுமே.

ஒரு புதன்கிழமை, குப்புறப் படுத்தபடியே, இரும்பு தூக்கிக் கம்பியில் தொங்குகிற உலகப் போட்டி ஒன்றுக்குப் போகப் பார்க்கிறேன் என்றான்.

“எங்கன நடக்கு?” என்றேன்.

“கடைசிப் போட்டி அமெரிக்காவுல அண்ணாச்சி. அதுக்கு முன்னால மூணு சுத்து இருக்கு. மொத சுத்து இங்கனதான், இந்தக் கிட்டங்கியில.”

“அமெரிக்காக்காரன் மேலகரத்துக்கா வாரான்?”

“அவன் எதுக்கு வாரான்? வெள்ளிக்கிழமை காலையில இன்ன வேலைன்னு நெட்டுல போடுவான். உலகம் பூரா அவனவன் இருக்க எடத்துலயே செய்யணும். ஒரு ஆளு பக்கத்துல நின்னு எண்ணணும். வீடியோ பிடிக்கணும், நடுவுல வெட்டப்பிடாது. திங்கக்கிழமை சாயங்காலத்துக்குள்ள எண்ணிக்கைய ஏத்திரணும். இப்படி மூணு வாரம்.”

“ஏத்தினா?”

“மூணையும் சேத்து வரிசை போடுவான். அவனவன் வயசுக்குத் தனி வரிசை. மேல இருக்க கொஞ்ச பேரு ரெண்டாஞ் சுத்து. அதுல தேறினா மூணாஞ் சுத்து. அதுலயும் தேறினாத்தான் பிளேன்.”

முந்தின ரெண்டு வருஷமும் அவன் முதல் சுற்றிலேயே, தேறினவர்களைப் பிரிக்கிற கோட்டுக்குக் கொஞ்சம் கீழே நின்றுபோனவன். இந்த வருஷம் முப்பத்தைந்து முடிந்து வேறு வரிசைக்கு வந்துவிட்டான், இளவட்டங்களோடு மல்லுக்கட்ட வேண்டாம். ரெண்டாம் சுற்றுக்குள் கால் வைத்துவிட வேண்டும், அது ஒன்றுதான் அவன் பேச்சு. பிளேனைப் பற்றி அவன் பேசவே மாட்டான்.

எனக்கு அது மனசில் போய் உட்கார்ந்துகொண்டது. பஸ்ஸில் வரும்போது நினைத்துப் பார்ப்பேன். எங்கோ பனி கொட்டுகிற ஊரில் ஒருவன் கம்பியில் தொங்குகிறான். கடலோரத்தில் ஒருத்தி தொங்குகிறாள். அங்கே விடியுது, இங்கே மசங்குது. ஒருத்தரை ஒருத்தர் பார்த்ததில்லை, பார்க்கப் போவதுமில்லை. ஆனால் எல்லாருக்கும் ஒரே வேலை, ஒரே அளவு நேரம். உலகத்தைச் சுற்றி ஒரே மூச்சு கை மாறிக் கை மாறிப் போகிற மாதிரி இருக்கும். இறங்க வேண்டிய ஸ்டாப்பை ரெண்டு தடவை விட்டிருக்கிறேன்.

எண்ணுகிற ஆள் அவன் பெண்சாதி. பள்ளிக்கூடத்தில் டீச்சர். எண்ணுவதற்கென்று போனிலேயே ஒரு பரீட்சை எழுதித் தேறியிருந்தாள்.

“எண்ணுததுக்குமா பரீட்ச?” என்று கேட்டேன்.

“ஆமா அண்ணாச்சி. தொங்கி ஏறையில நாடி, இந்தத் தாடை, கம்பிக்கு மேல போனாத்தான் ஒண்ணு. போகலன்னா ‘இல்ல’ன்னு சொல்லணும். புருசன்னு பாக்கப்பிடாது.”

“அவ எப்பமும் பாக்கமாட்டா” என்றான் அவன்.

ரெண்டு வாரம் நல்லபடியாகப் போயிற்று. மூன்றாவது வாரம் வந்த வேலை இது: கம்பியில் தொங்கி ஏற வேண்டும், இறங்கி இரும்பைத் தரையிலிருந்து தலைக்கு மேல் தூக்க வேண்டும், பெட்டி மேல் குதிக்க வேண்டும், மறுபடி கம்பி. பன்னிரண்டு நிமிஷத்தில் எத்தனை முடியுமோ அத்தனை. வெள்ளிக்கிழமை ஒத்திகை பார்த்ததில் அவனுக்குத் தோள் இறுகிவிட்டது. சனிக்கிழமை காலையில் போன் பண்ணினான். சாயங்காலம் நாலு மணிக்கு வீடியோ.

போய்த் தொட்டுப் பார்த்தேன். தோள் கல்லாகக் கிடந்தது. சனிக்கிழமை வேறு, ஆம்பளைகள் எண்ணெய் வைக்கிற நாள். எனக்குக் கை துடித்தது.

“சாயங்காலம் தொங்கணுமே அண்ணாச்சி” என்று இழுத்தான்.

“உள்ளங்கையத் தொடமாட்டேன்டே. நீ குளிச்சிட்டேன்னா எண்ணெ இருந்த எடமே தெரியாது.”

பெரியவன் சொன்னால் மறுத்துப் பேசுகிற பிள்ளை இல்லை. படுத்துவிட்டான்.

இங்கேதான் நான் பிசகினது. எண்ணெயோடு அருவியில் நிற்கக் கூடாது என்று தடை வந்து வெகுகாலம் ஆகிறது. இப்போது லாட்ஜ் அறைகளில்தான் தேய்க்கிறேன். ஆனால் என் கை பழைய கை. அருவி ஓங்கி அடித்து வழித்துக்கொண்டு போகும் என்ற நினைப்பிலேயே அது எண்ணெயை அள்ளும். லாட்ஜில் வருகிறவர்களுக்கு மேலில் கொஞ்சம் மினுமினுப்பு மிஞ்சினால் ஒன்றுமில்லை. இவன் கிட்டங்கிக்குப் பின்னால் குழாயடியில் ரெண்டு வாளித் தண்ணீரும் சீயக்காயும் போட்டுக் குளித்தான். ரெண்டு வாளி எங்கே, அருவி எங்கே.

நாலு மணிக்கு ஆரம்பித்தான். தோள் இளகியிருந்தது. முதல் தடவை கம்பியில் மீன் துள்ளுகிற மாதிரி ஏறினான். எனக்குப் பெருமை தாங்கவில்லை. அப்புறம் இரும்பைத் தூக்கினான். கை கீழே தொங்கும்போது வேர்வை வடிந்தது, வேர்வையோடு நான் உள்ளே ஏற்றினது அத்தனையும் உள்ளங்கைக்கு இறங்கிவிட்டது. மறுபடி கம்பியைப் பிடித்தான், வழுக்கியது. பிடி வழுக்காமல் இருக்கப் பூசுகிற வெள்ளைப் பொடியில் கையை முக்கினான், பொடி எண்ணெயோடு சேர்ந்து மாவாகப் பிசைந்துகொண்டது. இறுக்கிப் பிடித்ததில் தோல் உரிந்தது. பன்னிரண்டு நிமிஷம் முடிந்தபோது அவன் கம்பிக்குக் கீழே மண்டியிட்டு இருந்தான்.

அவள் எண்ணிக்கையைச் சொன்னாள். “பத்தாதுங்க. மத்தவுக இதுவரைக்கும் ஏத்தினதப் பாத்தா இது கோட்டுக்குக் கீழதான்.” அப்புறம் அவன் கையைப் பிடித்துப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

“இது தோளா, ஆப்பச் சட்டியா அண்ணாச்சி?”

நான் குனிந்து எண்ணெய்க் குப்பியைப் பைக்குள் திணித்தேன்.

“அண்ணாச்சிய ஒண்ணும் சொல்லாத” என்றான் அவன். “திங்கக்கிழமைக்குள்ள இன்னொரு தடவ செய்யலாம்.”

கை அவனுக்குக் கந்தலாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை நான் அந்தப் பக்கம் போகவில்லை. பேரருவிக்குப் போய் உட்கார்ந்தேன். பாறை முழுக்கக் காய்ந்து கிடக்க, நடுவில் நூல் மாதிரி ஒரு தண்ணீர். காற்று வந்தால் அதுவும் தரைக்கு வராமல் பாதியிலேயே புகையாகக் கலைந்தது. பார்த்துக்கொண்டே இருந்தேன். தூங்கினேனா, முழித்திருந்தேனா தெரியாது. உலகத்தில் எத்தனையோ பேர் அந்நேரம் தொங்கி இறங்கி எண்ணிக்கையை ஏற்றிக்கொண்டிருப்பார்கள், ஒவ்வொருத்தராக அவனைத் தாண்டி மேலே போகிறார்கள், அவன் பெயர் தண்ணீரில் போட்ட இலையாகக் கீழே கீழே வருகிறது. அப்படியே தோன்றிக்கொண்டிருந்தது. ஒரு குரங்கு வந்து என் பையைத் துழாவி எண்ணெய்க் குப்பியை எடுத்தது. எடுத்துக்கோ என்று விட்டுவிட்டேன். மோந்து பார்த்துவிட்டு அதுவும் போட்டுவிட்டுப் போயிற்று.

திங்கள் விடிந்ததும் போனேன். பள்ளிக்கூடத்துக்குப் போகுமுன் முடித்துவிடலாம் என்று ஆரம்பிக்கப் போகிறார்கள். வாசலிலேயே நின்றேன்.

“வெளிய ஏன் நிக்கிய? உள்ள வாங்க” என்றாள் அவள். “எதையும் தொட மட்டும் செய்யாதிய.”

அவன் கை ரெண்டும் தோள்வரை சிவந்திருந்தது. ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் பாத்திரம் விளக்குகிற சோப்பும் தேங்காய் நாரும் போட்டுத் தேய்த்திருக்கிறாள்.

“என் பொண்டாட்டி என்ன வெங்கலப் பானையா வெளக்கிட்டா அண்ணாச்சி” என்றான். உரிந்த இடத்தில் பிளாஸ்திரிப் பட்டை ஒட்டிக்கொண்டு கம்பிக்குக் கீழே வந்து நின்றான்.

இந்தத் தடவை வழுக்கவில்லை. ஆனால் ஒவ்வொரு பிடிக்கும் அவன் முகம் சுருங்கியது. பட்டையில் ரத்தம் ஊறியது. அவள் எண்ணிக்கொண்டே இருந்தாள், குரல் ஏறவுமில்லை, இறங்கவுமில்லை. கடைசி நிமிஷத்தில் ஒரு தடவை நாடி கம்பிக்குச் சரிமட்டமாக வந்து கீழே போயிற்று.

“இல்ல” என்றாள்.

என்னையறியாமல் கத்திவிட்டேன். “குடுத்திரும்மா, மேல போயிட்டுல்லா!”

அவள் திரும்பிப் பார்க்கவில்லை. “இல்ல.”

அவன் ஒரு நொடி தொங்கினான். பிறகு மறுபடி இழுத்து ஏறினான். அது ஒன்று. இன்னொன்றும் ஏறினான். மணி அடித்தது.

வீடியோவை அவள் முழுக்க ஓட்டிப் பார்த்தாள். “ஒங்க சத்தம் நல்லா கேக்குது அண்ணாச்சி. அமெரிக்காக்காரன் ‘யாருலே இந்தக் கெழவன்’னு கேக்கப் போறான்.” சொல்லிவிட்டு அப்படியே ஏற்றினாள். எண்ணிக்கை சனிக்கிழமையைவிட நிறையக் கூடியிருந்தது. போதுமா என்பது வரிசை முடிவாகும்வரை தெரியாது.

அடுத்த புதன்கிழமைக்கு அடுத்த புதன்கிழமை போனபோது அவன் போனை நீட்டினான். எனக்கு வாசிக்கத் தெரியாது. அவள் விரல் வைத்துக் காட்டினாள். “இது கோடு. இது இவுக.” கோட்டுக்கு மேலே அவன் பெயர். நடுவில் நாலைந்து பெயர்தான். அந்த நாலைந்து பேரும் எந்த ஊரோ, என்ன குளிரோ.

அவன் பாயில் குப்புறப் படுத்தான். “தோளப் புடிச்சு விடுங்க அண்ணாச்சி. ரெண்டாஞ் சுத்து இருக்குல்லா.”

பையிலிருந்து குப்பியை எடுத்தவன் மறுபடி உள்ளே வைத்தேன். “எண்ணெ வேண்டாம்டே” என்றேன். அவள் சிரித்துக்கொண்டே வெள்ளைப் பொடி டப்பாவை என் பக்கம் தள்ளினாள். அதைக் கையில் பூசிக்கொண்டேன். சுண்ணாம்பு அடிக்கிறவன் கை மாதிரி ஆயிற்று. வறண்ட கைக்கு ஓட்டம் கிடையாது, தோலில் முட்டி முட்டி மெதுவாகத்தான் போயிற்று. நான் தோளைத் தாண்டி நடு முதுகுக்கு வருவதற்குள் அவன் தூங்கிப்போனான்.